வாசலில் வந்து வெள்ளிக்குப் பாலிஷ் போடுபவர்களிடம் கவனம்

பகல் வேளையில் வீடு வீடாக வந்து வெள்ளிக்குப் பாலிஷ் போட்டுத் தருபவர்களைப் பற்றி, எங்கள் வீட்டில் நடந்ததை வைத்து எழுதுகிறேன். சேலத்துக் கொலுசுப் பட்டறையில் வேலை பார்த்தவர்கள் என்று சொல்லிக்கொண்டு வந்த இருவர், முதலில் ஒரு பித்தளைச் செம்பைக் காசு வாங்காமல் துலக்கிக் காட்டியிருக்கிறார்கள். அதைப் பார்த்து நம்பிய என் மாமியார், கறுத்துக் கிடந்த கொலுசையும் குங்குமச் சிமிழையும் எடுத்துக் கொடுக்க, தாங்கள் கொண்டுவந்த பிளாஸ்டிக் டப்பாவிலிருந்த திரவத்தில் அவற்றைப் போட்டு மூடியிருக்கிறார்கள். திறந்தபோது செம்பழுப்புப் புகை எழுந்து மூக்கை எரித்தது என்றும், நிறமற்றிருந்த திரவம் இளநீலமாகியிருந்தது என்றும் அத்தை சொன்னார். கேட்டதற்கு, “அழுக்கு இறங்குதும்மா” என்றார்களாம்.

அந்தத் திரவம் வெள்ளியையே கரைக்கும் நைட்ரிக் அமிலம். வெள்ளியோடு கலந்திருக்கும் செம்பு கரைவதால் நீலம் வருகிறது. கரைந்த வெள்ளி நிறமின்றி அதிலேயே நிற்கிறது. உப்பைப் போட்டால் அது தயிர்போலத் திரிந்து அடியில் படியும், அதிலிருந்து வெள்ளியை மீட்டுக்கொள்ளலாம். கூலிக்குப் பேரம்கூடப் பேசாதவர்கள், செடியில் ஊற்றினால் கருகிவிடும் என்று சொல்லி அந்தத் திரவத்தைப் பத்திரமாகக் கேனில் ஊற்றிக் கொண்டுபோனது இதற்காகத்தான்.

பூந்திக்கொட்டை நீரில் பிரஷால் தேய்த்துக் கொடுத்ததால் கொலுசு பளபளத்தது. ரசீதில் 112 கிராம் இருந்த அது, நகைக்கடைத் தராசில் 94 கிராம்தான் நின்றது. திருகாணி மரையில் பிடிக்காமல் சுற்றுகிறது. காலில் கிடந்து தேய்ந்தது கொஞ்சம் இருக்கலாம் என்றாலும், பீரோவை விட்டு வெளியே வராத சிமிழின் அடியில் வெட்டியிருந்த பெயரும் பாதி அழிந்திருக்கிறதே!

வெள்ளியின் மேல் படிகிற கறுப்பு, காற்றிலுள்ள கந்தகச் சேர்மங்களால் உண்டாகும் மிக மெல்லிய படலம் என்பதால், அதை நீக்கும்போது கிராம் கணக்கில் எடை குறையாது. பாத்திரத்தில் அலுமினியத் தாளை விரித்து, வெள்ளி அதைத் தொடும்படி வைத்து, சமையல் சோடா கலந்த கொதிநீரை ஊற்றினால், கந்தகம் அலுமினியத்தோடு சேர்ந்துகொள்ள, வெள்ளி பொருளிலேயே தங்கிவிடும். கல் பதித்தவற்றையும் அரக்கு வைத்தவற்றையும் இப்படிச் செய்யாமல், விபூதியால் மென்மையாகத் துடைத்தால் போதும். ரப்பர் பேண்டில் கந்தகம் உண்டு. அதைப் போட்டுக் கட்டி வைக்காதீர்கள்.

காவல் நிலையத்தில் புகார் கொடுத்திருக்கிறோம். கொலுசுக்கு ரசீது இருந்தது. சிமிழுக்கு இல்லாததால் அதில் எவ்வளவு போயிற்று என்று எழுத முடியவில்லை. வீட்டு வெள்ளிச் சாமான்களை ஒருமுறை நிறுத்து, எடையைக் குறித்து வையுங்கள்.