வோலாபுக்கா, எஸ்பெராண்டோவா?

இரண்டுமே உலகப் பொதுமொழிக் கனவுகள். வோலாபுக்கை 1879-80இல் உருவாக்கியவர் ஜெர்மன் கத்தோலிக்கப் பாதிரியார் ஷ்லையர். ஆங்கில 'வேர்ல்ட்' அதில் 'வோல்' ஆனது, 'ஸ்பீச்' 'புக்' ஆனது. மூலச்சொல் தெரிந்தவருக்கே அடையாளம் தெரியாது! ஆனாலும் வேகமாகப் பரவியது. 1889 பாரிஸ் மாநாடு அந்த மொழியிலேயே நடந்தது. சீர்திருத்தம் கேட்டவர்களிடம் இறுதி முடிவு தன்னுடையதே என்று ஷ்லையர் பிடிவாதம் பிடித்தார், இயக்கம் உடைந்தது.

எஸ்பெராண்டோ பிறந்த கதையே வேறு. பியாவிஸ்தோக் நகரில் யூதர், போலந்தியர், ரஷ்யர், ஜெர்மானியர் பகைத்துக்கொள்வதைப் பார்த்து வளர்ந்தவர் கண் மருத்துவர் ஸாமென்ஹோஃப். 1887இல் வார்சாவில், 'நம்பிக்கை கொண்டவர்' எனப் பொருள்படும் புனைபெயரில் முதல் நூலை வெளியிட்டார். இலக்கண விதிகள் 16தான். 'சானா' என்றால் நலமான, 'மல்சானா' நோயுற்ற, 'மல்சானுலோ' நோயாளி, 'மல்சானுலேயோ' மருத்துவமனை. ஒரு வேரிலிருந்து எத்தனை கிளைகள், பாருங்கள்!

எனக்கு எஸ்பெராண்டோதான் பிடிக்கும். எளிமையைவிடப் பெரிய காரணம், மொழியின் மீதான உரிமையை ஸாமென்ஹோஃப் அந்த முதல் நூலிலேயே விட்டுக்கொடுத்ததுதான். பெற்ற பிள்ளையை ஊருக்கே கொடுப்பதுபோல மொழியைப் பொதுச்சொத்தாக்கினார். 1905இல் பிரான்ஸின் பூலோன் நகரில் கூடிய முதல் உலக மாநாடும், இம்மொழிக்கு உரிமையாளர் யாரும் இல்லை என்றே அறிவித்தது.