இளசு இஞ்சிக்குச் சர்க்கரை, முற்றலுக்கு வெல்லம்

புது இஞ்சி தருமபுரி சந்தைக்கு வரத் தொடங்கினால் எங்கள் வீட்டில் ஒரு பழைய பேச்சு எழும். சர்க்கரைப் பாகில் இஞ்சித் துண்டு போடுவதா, இஞ்சிச் சாற்றை வெல்லத்தோடு காய்ச்சி மொரப்பா என்ற மிட்டாய் கிளறுவதா? அம்மா துண்டின் பக்கம். ஆயா கடைசிவரை மொரப்பாவின் பக்கம். இரண்டையும் பல தடவை செய்தவள் என்ற முறையில் சொல்கிறேன், கையில் இருக்கும் இஞ்சியைப் பார்த்துத்தான் இதை முடிவு செய்ய வேண்டும்.

நகத்தால் கீறியதும் தோல் வழுக்கிக்கொண்டு வந்தால் இளசு. நட்டு ஐந்தாறு மாதத்தில் எடுத்தது இப்படி இருக்கும். நார் குறைவு, காரமும் மட்டு. ஒடித்த இடத்தில் நூல் நூலாக நின்றால் முற்றல். துண்டுக்கு இளசுதான் வேண்டும். முற்றலை எவ்வளவு வேகவைத்தாலும் நார் போகாது, கடைசியில் சக்கையைத் துப்ப வேண்டியிருக்கும்.

துண்டு முறையில் பாதி வேலை வேகவைப்பதில் இருக்கிறது. அரைக் கிலோ இஞ்சியைத் தோல் சீவி, இரண்டு ஒரு ரூபாய் நாணயத்தை அடுக்கிய கனத்துக்கு வட்டமாக நறுக்குங்கள். 20 நிமிடம் வேகவைத்துத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் மறுபடியும் வேகவையுங்கள். இங்கே அவசரம் கூடாது. அரைவேக்காட்டுத் துண்டு பாகில் விழுந்தால் அதற்குப் பிறகு மெத்தென்று ஆகவே ஆகாது. சுருங்கித் தோல் மாதிரி இழுக்கும். வடித்த இஞ்சியின் எடைக்குச் சமமாகச் சர்க்கரை, ஒரு டம்ளர் தண்ணீர், சிறு தீ. பாகு வற்றிக் குமிழி கனத்து வரும்போது கைவிடாமல் கிளறினால் சட்டென்று பூத்து, ஒவ்வொரு துண்டின் மேலும் வெள்ளையாகப் படியும். தட்டில் பரப்பி ராத்திரி முழுக்கக் காற்றாட விட்டால் போதும். பூப்பதற்கு முன்பே கொஞ்சம் பாகை வடித்து வைத்தால் டீக்கும் எலுமிச்சைச் சாற்றுக்கும் அருமையாக இருக்கும்.

மொரப்பாவுக்கு முற்றல். நார் பிழியும் துணியிலேயே தங்கிவிடுகிறது, காரம் மட்டும் சாற்றில் இறங்குகிறது. 100 கிராம் இஞ்சியை அரைத்துப் பிழிந்து, சாற்றைக் கால் மணி நேரம் அசைக்காமல் வையுங்கள். அடியில் வெள்ளையாகத் தங்குவதை ஆயா 'சுண்ணாம்பு' என்று சொல்லிக் கொட்டிவிடுவார். உண்மையில் அது இஞ்சியின் மாவுச்சத்து. தெளிந்த சாற்றில் 300 கிராம் வெல்லத்தைக் கரைத்து, மண் போக வடிகட்டிக் காய்ச்ச வேண்டும். தண்ணீரில் ஒரு சொட்டு விட்டால் கெட்டியாக உருட்ட வர வேண்டும். அப்புறம் ஏலக்காய், ஒரு ஸ்பூன் நெய், தட்டில் ஊற்றிச் சூட்டோடு கீறல்.

ருசியில் என் ஓட்டு மொரப்பாவுக்குத்தான். எங்கள் தருமபுரிப் பக்கத்தை ஆண்ட அதியமானின் முன்னோர் கரும்பை இங்கே கொண்டுவந்ததாக ஔவையார் பாடியிருக்கிறார். எங்கள் மாவட்டத்துக் கடத்தூரில் இன்றும் வெல்ல மண்டி இருக்கிறது. அடர்ந்த நிற வெல்லத்தின் மணமும் இஞ்சிக் காரமும் சேர்ந்து தொண்டையில் நிற்பது வெள்ளைச் சர்க்கரையில் வராது. ஆனால் உடம்புக்கு நல்லது என்று சொல்லிச் சர்க்கரை நோய் உள்ளவர்களுக்குக் கொடுத்துவிடாதீர்கள். வெல்லமும் சர்க்கரைதான்.

இரண்டையும் கலக்க ஆசைப்பட்டு ஒரு ஐப்பசியில் துண்டுகளை வெல்லப் பாகில் போட்டேன். மூன்று நாள் ஆகியும் காயவில்லை, டப்பாவில் ஒரே கட்டியாக ஒட்டிக்கொண்டது. வெல்லத்தில் குளுக்கோஸும் ஃபிரக்டோஸும் கலந்திருப்பதால் எளிதில் பூக்காது, மழைக்காற்றின் ஈரத்தையும் இழுத்துக்கொள்ளும். மொரப்பாவும் மழைக்காலத்தில் இளகும். காற்றுப் புகாத பாட்டிலில் வைத்துச் சீக்கிரம் தீர்த்துவிடுவது நல்லது. தேனில் ஊறவைக்கிறவர்களும் உண்டு. பச்சை இஞ்சி விடும் நீரில் தேன் இளகிப் புளித்துப்போகும் என்பதால் துண்டுகளை முதலில் நன்றாக உலர்த்த வேண்டும்.

பயணத்துக்குத் துண்டுதான். பென்னாகரம் தாண்டி ஒகேனக்கல் மலைப்பாதையில் பஸ் வளைய ஆரம்பித்ததும் அம்மாவுக்கு வயிறு புரட்டும். முந்தானையில் முடிந்து வைத்தாலும் ஒட்டாத துண்டு ஒன்று வாயில் போனால் அடிவாரம் வரை தாங்கும். களியும் கறிக்குழம்பும் சாப்பிட்ட மதியத்துக்கு மொரப்பா.

சில சமயம் இளசும் இல்லாமல் முற்றலும் இல்லாமல் நடுவாந்திரமாக இஞ்சி வாய்க்கும். அதை யோசிக்காமல் மொரப்பாவுக்கு அரைத்துவிடுங்கள்.