கரண்ட் வைத்த பிறகு வந்த இரத்தப்போக்கு: அம்மாவுக்குச் செய்த ஆர்கான் சிகிச்சை பற்றி

மதுரையில் உள்ள ஒரு தனியார் மருத்துவமனையின் இரைப்பை குடல் பிரிவில் என் அம்மாவுக்கு இரண்டு முறை செய்யப்பட்ட, மலக்குடலில் இரத்தம் கசியும் குழாய்களைச் சுட்டு அடைக்கும் ஆர்கான் பிளாஸ்மா சிகிச்சையைப் பற்றி இங்கே எழுதுகிறேன். கருப்பைவாய்ப் புற்றுநோய்க்காகவோ, ஆண்களுக்கு வரும் புராஸ்டேட் புற்றுநோய்க்காகவோ இடுப்புப் பகுதியில் கதிரியக்கச் சிகிச்சை பெற்றவர்களில், அதாவது நம் பக்கத்து வழக்கில் கரண்ட் வைத்துக்கொண்டவர்களில், சிலருக்கு மாதக்கணக்கில் கழித்து மலத்தோடு இரத்தம் போகும். அது வந்தபோது யாரிடம் போவது, என்ன கேட்பது என்று தெரியாமல் நாங்கள் மூன்று மாதம் அலைந்தோம். இன்னொரு குடும்பம் அப்படி அலையக் கூடாது என்பதால் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

அம்மாவுக்கு வயது 58. கருப்பைவாய்ப் புற்றுநோய்க்காக 25 நாள் வெளிக் கதிர்வீச்சு, அதோடு வாரம் ஒருமுறை சிஸ்பிளாட்டின் என்ற புற்றுநோய் மருந்து, அதன் பிறகு மூன்று முறை உள் கதிர்வீச்சு (உடலுக்குள் கருவி வைத்துத் தருவது) என்று சிகிச்சை ஒழுங்காக முடிந்திருந்தது. அந்த நாட்களில் இருந்த வயிற்றுப்போக்கும் முக்கலும் சிகிச்சை முடிந்த ஒரு மாதத்துக்குள் அடங்கிவிட்டதால், குடல் பற்றிய கவலையே எங்களுக்கு இல்லாமல் போயிற்று. 13 மாதம் கழித்து இரத்தம் வரத் தொடங்கியபோது அம்மா மூன்று வாரம் யாரிடமும் வாய் திறக்கவில்லை. விடிவதற்கு முன்பே எழுந்து தன் பாவாடையைத் தானே துவைத்துக் கொடியில் போட்டுவிடுவார். ஒருநாள் கொடியில் காய்ந்துகொண்டிருந்த வெளிர்நீலப் பாவாடையில், துவைத்தும் போகாத பழுப்பு வட்டம் ஒன்றைப் பார்த்துத்தான் நான் கேட்டேன். நோய் திரும்பிவிட்டது என்று தனக்குள் முடிவு செய்துகொண்டு, எங்களுக்கு மறுபடியும் செலவு வைக்கக் கூடாது என்று மறைத்திருக்கிறார்.

முதலில் எங்கள் ஊரிலேயே ஒரு மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றோம். மூலம் என்று சொல்லி மாத்திரையும் களிம்பும் கொடுத்தார்கள். இரண்டு மாதமாகியும் இரத்தம் நிற்காததால் மூலத்துக்கு ரப்பர் வளையம் போடுவதற்கு நாள் குறித்தார்கள். கரண்ட் வைத்ததைப் பற்றி அங்கே ஒருவரும் கேட்கவில்லை. புற்றுநோய்க் கோப்பு அம்மாவின் பையிலேயே இருந்தும் நாங்களும் எடுத்துக் காட்டவில்லை. அதற்கும் இதற்கும் சம்பந்தம் இருக்கும் என்று எங்களுக்குத் தோன்றவே இல்லை. கதிர் பட்ட மலக்குடலில் போடும் வளையமும் ஊசியும் வெட்டும் ஆறாத புண்ணில் போய் முடியலாம் என்பதைப் பின்னால் அறிந்தபோது, அந்த நாள் தவறிப்போனதற்கு (உறவில் ஒரு சாவு வந்ததால் போக முடியவில்லை) எத்தனை முறை கடவுளுக்கு நன்றி சொன்னேன் என்று கணக்கில்லை.

அதன் பிறகு நாங்கள் போன மதுரை மருத்துவர் அம்மாவைப் பார்த்துக் கேட்ட முதல் கேள்வியே, "கரண்ட் எப்பம்மா வச்சீங்க?" என்பதுதான். பரிந்துரைக் கடிதத்தில் புற்றுநோய் என்ற ஒரு சொல் இருந்ததை அவர் கவனித்திருக்கிறார். இந்தச் சேவையை நான் மதிப்பதற்கு அந்த ஒரு கேள்வியே முதற்காரணம். கதிரியக்க மருத்துவமனையிலிருந்து சிகிச்சைச் சுருக்கத்தை வாங்கி வரச் சொல்லி, மலக்குடலுக்கு எவ்வளவு கதிர் சென்றிருக்கிறது என்று பார்த்த பிறகு, ஒரு தாளில் படம் வரைந்து எங்கள் இருவருக்கும் விளக்கினார். கருப்பைவாய்க்கு ஒட்டினாற்போலப் பின்னால் இருப்பது மலக்குடலின் முன்சுவர். எவ்வளவு கவனமாகத் திட்டமிட்டாலும் உள் கதிர்வீச்சின் ஒரு பங்கு அதன்மேல் விழத்தான் செய்யும். கதிர் பட்ட இடத்தில் நுண்ணிய இரத்தக் குழாய்களின் உட்சுவர் மெல்லத் தடித்து அடைபட, இரத்த ஓட்டம் குறைந்த அந்தச் சுவர் புதிதாகக் குழாய்களை முளைக்கவிடுகிறது. அந்தப் புதுக் குழாய்களுக்கு வலு இல்லாததால் மலம் உரசினாலே உடைந்து இரத்தம் கசிகிறது. இந்த மாற்றம் நடக்கப் பல மாதங்கள் பிடிப்பதால்தான், சிகிச்சை முடிந்த 3 மாதத்துக்குப் பிறகு, பெரும்பாலும் முதல் இரண்டு ஆண்டுகளுக்குள், சிலருக்கு அதையும் தாண்டி இது தலைகாட்டுகிறது. இது நோய் திரும்பியதற்கான அடையாளமாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை, ஆனாலும் பார்க்காமல் அப்படிச் சொல்லிவிடவும் கூடாது என்று அவர் சொன்னபோது, அம்மா பல வாரங்களுக்குப் பிறகு நிமிர்ந்து உட்கார்ந்தார்.

ஆசனவாய் வழியே கேமராக் குழாயைச் செலுத்தும் கொலோனோஸ்கோபி மூலம் பெருங்குடல் முழுவதையும் பார்த்தார்கள். அறிக்கையோடு தந்த படத்தில், வெளிறிப்போன சுவரின்மேல் சிவப்பு நூலைப் பிரித்துப் போட்டதுபோலக் குழாய்கள் கிளை கிளையாக ஓடின. இரண்டு இடங்களில் அவற்றின் நுனியில் இரத்தம் துளிர்த்திருந்தது. சந்தேகப்படும்படி வேறெதுவும் இல்லை. அந்தச் சுவரிலிருந்து திசு எடுத்துப் பரிசோதிக்கவில்லை. ஏன் எடுக்கவில்லை என்று நான் சற்றுக் கோபமாகவே கேட்டேன். பார்த்த அளவிலேயே காரணம் தெளிவாக இருக்கும்போது முன்சுவரில் திசுவைக் கிள்ளினால் புண் ஆறாமல் பிறப்புறுப்புக்கும் மலக்குடலுக்கும் இடையே ஓட்டை விழும் அபாயம் உண்டு என்று பொறுமையாகச் சொன்னார்.

ஆர்கான் சிகிச்சையை உடனே செய்துவிடவில்லை என்பதையும் அவர்கள் பக்கத்து நேர்மையாகவே கருதுகிறேன். அம்மாவின் ஹீமோகுளோபின் 7.9-க்கு இறங்கியிருந்ததால் ஒரு யூனிட் இரத்தமும், பிறகு இரும்புச்சத்து ஊசியும் கொடுத்தார்கள். வயிற்றுப்புண்ணுக்குக் குடிக்கும் சுக்ரால்ஃபேட் மருந்தையே 20 மில்லி அளவில் காலையும் இரவும் எனிமாவாக, அதாவது ஆசனவாய் வழியே, ஆறு வாரம் ஏற்றச் சொன்னார்கள். இந்த எளிய வழிக்கு ஆதாரம் தந்ததில் நம் நாட்டு மருத்துவர்களுக்குப் பெரும் பங்கு உண்டு: சண்டிகர் பிஜிஐ மருத்துவமனையினர் 37 நோயாளிகளிடம் நடத்தி 1991-ல் வெளியிட்ட ஆய்வில், குடல் அழற்சிக்குத் தரும் சல்ஃபசலசின் மாத்திரையும் ஸ்டீராய்டு எனிமாவும் தருவதைவிட சுக்ரால்ஃபேட் எனிமா நன்றாக வேலை செய்ததாகக் கண்டார்கள். செலவும் மிகக் குறைவு. சிலருக்கு இதிலேயே போதுமான அளவு நின்றுவிடும். இரத்தம் சிறிதளவே போகிறவர்களுக்கு எதுவும் செய்யாமலே காலப்போக்கில் குறைவதும் உண்டு. எனிமா ஏற்றுவதற்குச் செவிலியர் ஒருவர் எனக்குக் கற்றுக்கொடுத்த விதத்தை மறக்க முடியாது. இடப்பக்கம் சாய்ந்து படுக்கவைத்து, மருந்துக் குப்பியை வெதுவெதுப்பான தண்ணீரில் சற்று நேரம் வைத்திருந்து, குழாயின் நுனியில் களிம்பு தடவி, அம்மா மூச்சை வெளியே விடும்போது மட்டும் மெதுவாக உள்ளே செலுத்தச் சொன்னார். முதல் நாள் என் கை நடுங்கியது. அம்மா சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டு என் கையைத் தட்டிக்கொடுத்தார்.

ஆறு வாரத்தில் இரத்தம் பாதியாகக் குறைந்ததே தவிர நிற்கவில்லை. அதன் பிறகுதான் ஆர்கான் சிகிச்சை. எண்டோஸ்கோப் குழாயின் வழியே ஆர்கான் வாயுவைச் செலுத்தி, அந்த வாயுவின் ஊடாக மின்சாரத்தைப் பாய்ச்சி, சுவரைத் தொடாமலேயே மேற்பரப்பில் உள்ள குழாய்களைச் சுட்டு அடைக்கிறார்கள். சூடு சில மில்லிமீட்டர் ஆழத்துக்கு மேல் போகாது என்பதே இதன் சிறப்பு. முந்தின நாள் பேதி மருந்து கரைத்த தண்ணீரை லிட்டர் கணக்கில் குடித்துக் குடல் முழுவதையும் சுத்தம் செய்துகொள்ள வேண்டும். கடைசிப் பகுதியில்தானே வேலை, எனிமா மட்டும் போதாதா என்று அம்மா கெஞ்சினார். குடலில் தங்கியிருக்கும் வாயு தீப்பொறியில் வெடித்துவிடக்கூடும், அப்படி நடந்தும் இருக்கிறது என்பதால் இதில் விட்டுக்கொடுக்க மாட்டோம் என்று உறுதியாகச் சொல்லிவிட்டார்கள். மயக்க ஊசி போட்டு அரை மணி நேரத்துக்குள் முடித்தார்கள். மறுநாளிலிருந்து நான்கைந்து நாட்கள் சளியும் அடிவயிற்று வலியும் சிறிது இரத்தமும் இருந்தன. சுட்ட இடம் புண்ணாகி ஆறும்போது இப்படி ஆகும் என்று முன்கூட்டியே எழுதிக் கொடுத்திருந்ததால் நாங்கள் பதறவில்லை. ஆறு வாரம் கழித்து இரண்டாம் முறை செய்தார்கள்.

குறைகளையும் சொல்லியாக வேண்டும். காலை 7 மணிக்கு வரச் சொல்லிவிட்டு 12 மணிக்குத்தான் உள்ளே அழைத்தார்கள். பேதி மருந்து குடித்து, வெறும் வயிற்றோடு, மலத்தை அடக்க முடியாத ஒரு பெண்ணை, நீளமான நடையின் மறுகோடியில் கழிப்பறை இருக்கும் காத்திருப்புக் கூடத்தில் ஐந்து மணி நேரம் உட்காரவைப்பது பெரும் கொடுமை. அம்மா இரண்டு முறை புடவையை மாற்ற வேண்டியிருந்தது. இந்த நோயாளிகளையே நாள்தோறும் பார்க்கும் ஒரு பிரிவுக்கு இது தெரியாமல் இருக்க முடியாது. கட்டணத்திலும் தெளிவு போதவில்லை: ஒரு முறைக்கு 19,500 ரூபாய் என்று சொன்னதில் மயக்க மருத்துவரின் கட்டணம் சேரவில்லை என்பது பில் போடும்போதுதான் தெரிந்தது.

உயர் அழுத்த ஆக்சிஜன் அறையில் உட்காரவைக்கும் சிகிச்சையைப் பற்றியும் கேட்டோம். தினம் ஒன்றரை மணி நேரம் வீதம் 30 முதல் 40 முறை போக வேண்டியிருக்கும். 2008-ல் வெளியான ஆய்வு ஒன்று பலன் இருப்பதாகச் சொன்னது. 2016-ல் பிரிட்டனிலிருந்து வெளியான ஆய்வில் அந்தப் பலன் உறுதிப்படவில்லை. மற்ற வழிகள் கைவிட்டால் யோசிக்கலாம் என்று மருத்துவர் சொன்னது எங்களுக்குச் சரியாகவே பட்டது.

இரண்டாம் முறை முடிந்து எட்டு மாதம் ஆகிறது. முற்றிலும் குணம் என்று சொல்ல மாட்டேன். மலம் இறுகும் நாட்களில் ஒரு கீற்று இரத்தம் வருகிறது, அதற்காக மலத்தை இளக்கும் இசப்கோல் சாப்பிடுகிறார். ஹீமோகுளோபின் 11.4-இல் நிற்கிறது. கடைசிச் சந்திப்பில் அம்மாவின் கோப்பின் முன்னட்டையில் மருத்துவர் தம் கையால் தமிழில் ஒரு வரி எழுதிக் கொடுத்தார்: "கதிர் பட்ட மலக்குடல், கேட்காமல் வளையம், ஊசி, திசுப் பரிசோதனை எதுவும் வேண்டாம்." அதை நகல் எடுத்து அம்மாவின் பணப்பையிலும் ஒன்று வைத்திருக்கிறேன்.