சிம்பொனியா, கச்சேரியா: எடிட்டருக்கு எது கடினம்?

இசை ஆவணப்படங்களை மட்டுமே தொகுக்கும் எடிட்டருக்கு மேற்கத்திய சிம்பொனி என்றால் ஸ்கோர், அதாவது எந்தக் கருவி எப்போது என்ன வாசிக்கும் என்று எழுதிய தாள், கையில் இருக்கும். பீத்தோவனின் ஐந்தாம் சிம்பொனியில் டிராம்போன்கள் என்ற ஊதுகருவிகள் முதல் 3 பகுதிகளிலும் வாசிப்பதே இல்லை. நான்காவதில்தான் வாய் திறக்கின்றன. அந்த ஷாட்டுக்கு எப்போது போக வேண்டும் என்பது படப்பிடிப்புக்கு முன்பே தெரியும். ஸ்கோர் படிக்கத் தெரிந்தால் பாதி வேலை முடிந்த மாதிரி.

கர்நாடகக் கச்சேரியில் அப்படி ஒரு தாள் கிடையாது. நிரவலும் (பாட்டின் ஒரு வரியைப் பலவிதமாக விரித்துப் பாடுவது) கல்பனாஸ்வரமும் (ஸ்வரங்களைக் கற்பனையாகக் கோத்துப் பாடுவது) மேடையிலேயே பிறப்பவை. பாடகர் ஒரு கோர்வையை, அதாவது கணக்காகக் கோத்த ஸ்வர வரிசையை, முடித்து எடுப்பில், அதாவது பாட்டு வரி தொடங்கும் இடத்தில், வந்து விழுகிறார். வயலின்காரர் முகத்தில் ஒரு சிரிப்பு, மிருதங்கக்காரர் தலை லேசாக ஆடுகிறது. அரை நொடி முந்தி வெட்டினால் அந்தச் சிரிப்பு போச்சு. நீளத்தைக் குறைக்கிறேன் என்று ஆதி தாளத்தின் 8 எண்ணிக்கையில் ஒன்றைக் கத்தரித்தாலோ, தொடையில் தாளம் போடும் ரசிகர் உடனே கண்டுபிடித்துவிடுவார். வெட்டுவதானால் முழு ஆவர்த்தனமாக, அதாவது தாளத்தின் ஒரு முழுச் சுற்றாகத்தான் வெட்ட வேண்டும். ராகத்தை மட்டும் விரித்துப் பாடும் ஆலாபனையில் தாளக் கட்டு இல்லைதான். ஆனாலும் ராகம் படிப்படியாக மேலேறும்போது நடுவில் அறுக்க மனசு வராது.

சரி, எதைத் தேர்ந்தெடுப்பது? தொழில் பழக சிம்பொனி நல்லது. எனக்கு என்னவோ கச்சேரிதான், தாளக் கருவிகள் மட்டும் வாசிக்கும் தனி ஆவர்த்தனத்தை முழுசாக விட்டுவைக்கத் தயாரிப்பாளரிடம் மன்றாட வேண்டியிருந்தாலும்.