எம்பிராய்டரி பாக்கலாம்னு போயிருந்தா ஏமாந்திருப்பீங்க: ஹேவர்ட் கேலரில லூயிஸ் பூர்ஷ்வா

லண்டன் வாட்டர்லூ ஸ்டேஷன் பக்கத்துல இருக்குற ஹேவர்ட் கேலரில, சிற்பி லூயிஸ் பூர்ஷ்வா கடைசி காலத்துல துணியில செஞ்சதையெல்லாம் 'தி வோவன் சைல்ட்'னு கண்காட்சியா வச்சிருந்தாங்க, 2022 மே 15 வரைக்கும். டிக்கெட் காசுக்கு தாராளமா வொர்த்தா இருந்துச்சு.

பெரிய இரும்பு சிலந்தி செஞ்சவங்கன்னு சொன்னா நெறைய பேருக்குத் தெரியும். 1911ல பாரிஸ்ல பொறந்தவங்க, குடும்பத் தொழிலே பழைய டேபஸ்ட்ரிய, அதாவது படம் வர்ற மாதிரி நெஞ்ச கனமான துணிய, ரிப்பேர் பண்றது, பட்டறைய அம்மாதான் பாத்துக்கிட்டாங்க. சுவத்துல தொங்குற அந்தத் துணில கீழ்ப்பக்கம்தான் முதல்ல நைஞ்சு போகும், அதுல இருக்குற ஆளுங்களுக்கு கால் இல்லாமப் போயிரும், சின்னப் பொண்ணு லூயிஸ்தான் அந்தக் கால வரைஞ்சு குடுக்கும், அத வச்சு மத்தவங்க நெய்வாங்க. அப்பா என்னடான்னா புள்ளைங்களுக்கு இங்கிலீஷ் சொல்லிக்குடுக்க வந்த பொண்ணோட அதே வீட்ல தொடுப்பு வச்சிருந்தாரு, வருஷக்கணக்கா. இந்த ரெண்டும் தெரியாம உள்ள போயிருந்தா பாதி புரிஞ்சிருக்காது.

எண்பது வயசு தாண்டுனப்புறம்தான் இத்தன வருஷமா தூக்கிப் போடாம வச்சிருந்த தன்னோட துணி, அம்மாவோட துணின்னு பீரோவக் காலி பண்ணி சிற்பத்துல சேத்திருக்காங்க. நம்ம வீட்ல பழைய புடவ தொட்டிலா மாறும், அப்புறம் கரித்துணி, அதோட கத முடிஞ்சுது. இவங்க எதையும் முடிய விடல. 1996ல செஞ்ச ஒண்ணுல கம்பத்துலேந்து பழைய உள்பாவாடையெல்லாம் தொங்குது, ஹேங்கருக்குப் பதிலா மாட்டு எலும்பு! மெல்லிசு துணிக்கு நடுவுல அந்த எலும்பப் பாத்ததும் வயித்துக்குள்ள என்னமோ பண்ணிருச்சு, யாரு போட்டிருந்த துணியோ அந்த ஆள் மட்டும் அதுல இல்ல.

சிலந்தியும் இருந்துச்சு, 1997ல செஞ்சது. காலுக்கு நடுவுல கம்பிக் கூண்டு, அதுல கிழிஞ்ச டேபஸ்ட்ரித் துண்டுங்க, அவங்க போட்டுக்கிட்டிருந்த ஷாலிமார் சென்ட் பாட்டில் கூட. சிலந்தி அவங்களுக்கு அம்மா, பயமுறுத்த வச்சதில்ல, கிழிஞ்சத திரும்ப நெய்யுற ஜீவன். ஆனா எனக்கு பாசமும் தெரிஞ்சுது, கோவமும் தெரிஞ்சுது, ரெண்டையும் பிரிக்க முடியல.

கண்ணாடிப் பெட்டிக்குள்ள துணியில தச்ச தலைங்கதான் எனக்கு ஒட்டல, நாலு பாத்ததும் போதும்னு ஆயிருச்சு. துணி துணியாவே இருக்குற எடத்துலதான் இவங்க மிரட்டுறாங்க, பொம்மையா மாறினா கொஞ்சம் சோர்ந்து போகுது. 2003ல செஞ்ச 'லேடி இன் வெயிட்டிங்' மட்டும் விதிவிலக்கு, நாற்காலியும் அதுல உக்காந்திருக்குற பொம்மையும் ஒரே டேபஸ்ட்ரித் துணி, ஆள் எது நாற்காலி எதுன்னு தேட வேண்டியிருக்கு, அத மட்டும் விட்டிருக்கவே கூடாது.

குழந்தைங்களக் கூட்டிட்டுப் போறவங்க கொஞ்சம் யோசிக்க வேண்டியிருந்துச்சு, கட்டிப்புடிச்சுக்கிட்டு இருக்குற தலையில்லாத உருவம் எல்லாம் இருந்துச்சு, கேள்வி வரும். லண்டன்ல மிஸ் பண்ணவங்களுக்கு, 2022 ஜூலைலேந்து பெர்லின்ல க்ரோபியுஸ் பாவ்ங்குற கேலரில வச்சாங்க.