கடை மேசையில் ஐஸ்டபிள்யூஎம்: ஒரு போகம் பாவித்த பிறகு

மல்லாவியில் நான் வைத்திருக்கும் கொமினிகேசன் கடையில் இரண்டு கணினிகள். வவுனியாவில் செக்கன்ட் ஹாண்டாக வாங்கியவை, ஒவ்வொன்றிலும் 2 ஜிபி ராம். விண்டோஸ் 10இல் ஒரு கடிதம் திறந்து வருவதற்குள், வந்தவர் எதிர்க்கடையில் பிளேன்ரீ குடித்துவிட்டே திரும்பிவிடுவார். 2025 அக்டோபர் 14உடன் அதற்கான ஆதரவும் நின்றது. விண்டோஸ் 11 குறைந்தது 4 ஜிபி கேட்கிறது. சரி, போனால் போகட்டும் என்று ஒரு கணினியில் விண்டோஸுக்குப் பதில் டெபியன் 12 என்ற லினக்ஸைப் போட்டு, அதன்மேல் ஐஸ்டபிள்யூஎம் (IceWM) வைத்தேன். காலபோக விதைப்போடு வைத்தது, அறுவடையும் முடிந்துவிட்டது. கடையில் அதற்கு ‘ஐஸ்’ என்றே பெயர்.

இது சாளர மேலாளர் மட்டும். திரையில் வரையும் வேலை எக்ஸ் என்ற அமைப்புடையது. 1984இல் எம்ஐடியில் தொடங்கியது. சாளரத்துக்குச் சட்டம் போடுவது, எது மேலே எது கீழே, எங்கே நிற்பது என்பதெல்லாம் எக்ஸுக்குக் கவலையில்லை. அதற்குத் தனி நிரல் வேண்டும். ஐஸ் அப்படி ஒன்று, 1997இல் மார்கோ மாச்செக் எழுதியது. தோற்றமும் அந்தக் காலத்துத் தோற்றம்தான்: கீழே ஒரு பட்டை, இடப்பக்கம் மெனு பொத்தான். விண்டோஸ் 98இல் தட்டச்சுப் பழகிய எனக்கு அது ஊர்ப்பக்கம் திரும்பியது போலிருந்தது.

வேகத்தில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் பிரவுசரைத் திறந்தால் ராமை அது விழுங்கத்தான் செய்யும். அதை எந்தச் சாளர மேலாளரும் தடுக்க முடியாது. ‘ஐஸ் போட்டால் பழைய கணினி புதிதாகும்’ என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.

எனக்கு உண்மையில் பிடித்துப்போனது பணியிடங்கள். பட்டையில் 1, 2, 3, 4 என்று நாலு பெட்டி, ஒவ்வொன்றும் ஒரு தனித் திரை போல. கன்ட்ரோலையும் ஆல்ட்டையும் பிடித்துக்கொண்டு அம்புக்குறியைத் தட்டினால் அடுத்ததற்குப் போகும். கடை சின்னது. கடிதம் தட்டச்சு செய்யும்போது அடுத்து நிற்பவர் என் தோளுக்கு மேலால் திரையைப் பார்ப்பார்; கெட்ட எண்ணம் இல்லை, நிற்க வேறு இடமில்லை. வருகிற கடிதமோ காணிப் பிணக்கு, கடன், சில வேளை காணாமல் ஆக்கப்பட்ட மகனைப் பற்றி ஒரு தாய் எழுதுவது. ஒரு நாள் அப்படி ஓர் அம்மா சொல்லிக்கொண்டிருக்க, மானிய உரப் படிவத்தோடு ஓர் ஐயா உள்ளே வந்தார். ஒரு தட்டு, கடிதம் மூன்றாம் பெட்டிக்குள், திரையில் வெறும் நீலம். ஐயாவின் படிவத்தை முதலாம் பெட்டியில் முடித்து அனுப்பிவிட்டுத் திரும்பினோம். ‘எங்க தம்பி போனது?’ என்று அந்த அம்மா பதறியதும் உண்மை. விண்டோஸ் 10இலும் இந்த வசதி உண்டு, எனக்குத் தெரியும். அந்த இழுவையில் அதைத் தொட மனம் வந்ததில்லை.

இனிக் குறைகள். முதல் நாளே அகப்பட்டது பென் டிரைவ். செருகினால் ஒன்றும் நடக்கவில்லை, திரையில் ஐகனும் இல்லை. கடைக்கு வருவோரில் பாதிப்பேர் பென் டிரைவோடு வருகிறவர்கள்! அது சாளர மேலாளரின் வேலை இல்லை, கோப்பு மேலாளரின் வேலை. பிசிமேன்எஃப்எம் போட்டேன். அது தானாகத் தொடங்க ‘ஸ்டார்ட்அப்’ என்ற கோப்பில் ஒரு வரி எழுத வேண்டும். எழுதினேன், தொடங்கவில்லை. அந்தக் கோப்புக்கு இயக்க அனுமதி கொடுக்க வேண்டும் என்று கண்டுபிடிக்க ஒரு மாலை முழுக்கப் போனது, இடையில் கரண்டும் போனது. மெனு, குறுக்கு விசைகள் எல்லாமே இப்படி எழுத்துக் கோப்புகளில்தான். எனக்கு வசதி, மற்றவருக்குச் சொல்லிக்கொடுப்பது கஷ்டம்.

சாளரத்தைப் பாய் போலச் சுருட்டித் தலைப்புப் பட்டையை மட்டும் விடும் பொத்தான் ஒன்றும் நான் முதலில் எடுத்த தீமில் இருந்தது. உயர்தர மாணவன் ஒருவன் அதை அழுத்திவிட்டு, தன் செயற்றிட்டம் அழிந்துவிட்டதென்று அழும் நிலைக்கு வந்துவிட்டான். அந்தப் பொத்தான் இல்லாத தீமுக்கு மாறிவிட்டேன்.

பெரிய மனக்குறை தமிழ். கடிதத்துக்குள் தமிழ் நன்றாகத்தான் வருகிறது. என்னிடம் உள்ள பதிப்பில் தலைப்புப் பட்டையில் மட்டும் கொம்பு இடம் மாறி நிற்கிறது. ‘நெல் விற்பனை’ என்று கோப்புக்குப் பெயர் வைத்தால் ‘ந’ எழுத்துக்குப் பின்னால் கொம்பு. வன்னியில் நெல்லையே சரியாக எழுதாத மென்பொருளுக்கு எத்தனை புள்ளி கொடுப்பது? இப்போது கோப்புகளுக்கு ஆங்கில எழுத்தில் பெயர் வைக்கிறேன்.

ஐஸ் எக்ஸோடு மட்டும் ஓடுவது. லினக்ஸ் உலகம் எக்ஸுக்குப் பதிலாக வந்த வேலண்டு பக்கம் போய்க்கொண்டிருக்கிறது. டெபியன் 12 இருக்கும்வரை எனக்கு அவசரமில்லை.

கடையில் உதவிக்கு நிற்கும் தங்கச்சிக்கு ஐஸ் பிடிக்கவில்லை. ‘கிழவன்ர கொம்பியூட்டர் மாதிரிக் கிடக்கு அண்ணை’ என்றாள். இரண்டாவது கணினியில் சாளர மேலாளர், கோப்பு மேலாளர் எல்லாம் சேர்ந்தே வரும் எக்ஸ்எஃப்சிஇ போட்டுக் கொடுத்தேன். அழகாக இருக்கிறது, பென் டிரைவும் தானாகத் திறக்கிறது, நெல்லும் நெல்லாகவே நிற்கிறது. பிரவுசரில் நாலு பக்கம் திறந்தால் மட்டும் மூச்சு வாங்கும். அதனால் அடையாள அட்டைப் படம் வெட்டுவது அங்கே, கடிதங்கள் என் பக்கம்.