மனத்தை மாற்றுவதா, பையை மாட்டுவதா?

2017 ஏப்ரல் 14, புத்தாண்டு நாளன்று, கொழும்புக்கு அருகே மீதொட்டமுல்ல குப்பை மேடு சரிந்து வீடுகளை மூடியது. முப்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அந்த வாரம் வெள்ளவத்தையில் நாங்கள் எல்லோரும் பொலித்தீனைத் திட்டினோம். ஆனால் சந்தையில் மீன் வாங்கும்போது கை பழையபடி சொப்பிங் பைக்கே நீண்டது.

பொலித்தீனைக் குறைக்க இரண்டு வழி உண்டு: மனப்பான்மையை மாற்றுவது, பழக்கத்தை மாற்றுவது. மனப்பான்மையை மாற்றும் வழிக்குப் பெரிய பலம் உண்டு. ஒரு விழுமியம் உள்ளே ஊன்றிவிட்டால் பையோடு நிற்காது. தண்ணீர், சாப்பாடு, மின்சாரம் என்று பரவும். சிக்கல், சொல்லுக்கும் செயலுக்கும் இடையிலுள்ள தூரம். அமெரிக்கச் சமூகவியலாளர் லாபியர் ஒரு சீனத் தம்பதியுடன் 251 விடுதிகளுக்கும் உணவகங்களுக்கும் போனார். மறுத்தது ஒரே ஓர் இடம். அப்புறம் அதே இடங்களுக்குக் கடிதம் எழுதி, சீனரை ஏற்பீர்களா என்று கேட்டார். பதில் தந்தவர்களில் 90 சதவீதத்துக்கும் மேலானோர் சீனரை ஏற்கமாட்டோம் என்றார்கள். 1934இல் வெளிவந்த ஆய்வு இது. நினைப்பு ஒன்று, நடப்பு இன்னொன்று.

பழக்கத்தின் வழி எளிது. கதவருகே துணிப்பையை மாட்டிவைத்தால், யோசிக்காமலே கை எடுக்கும். லண்டன் ஆய்வொன்றில் புதுப் பழக்கம் ஊன்றச் சராசரியாக 66 நாள் பிடித்தது. ஆளுக்கு ஆள் பெரிய வித்தியாசம். ஆனால் வீடு மாறினால் பழக்கமும் கலையலாம்.

பிள்ளைகள் உள்ள வீட்டுக்கு நான் பையைத்தான் முதலில் சொல்வேன். "ஏனப்பா சொப்பிங் பை வேண்டாம்?" என்று அவர்களே ஒருநாள் கேட்பார்கள். அப்போது மீதொட்டமுல்லையைப் பற்றிச் சொல்லலாம்.